இரண்டில் எது நம்முடையது? சேவ் ஃபைலும் கோயிலொழுகும்

1

கம்ப்யூட்டர் கேம் ஆடுகிற எல்லோரும் என்றாவது ஒருநாள் அந்தச் சின்னப் பெட்டியைப் பார்த்திருப்பார்கள். இந்த மெஷினில் இருக்கும் சேவும் கிளவுடில் இருக்கும் சேவும் ஒத்துப்போகவில்லை, எதை வைத்துக்கொள்ளலாம் என்று அது கேட்கும். கீழே இரண்டு பட்டன். ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு தேதி, ஒரு நேரம். தப்பான பட்டனை அழுத்தினால் இருநூறு மணி நேரம் போச்சு. பெரும்பாலும் நாம் புதிய தேதி உள்ளதை அழுத்திவிட்டு, சாமி கும்பிட்டுவிட்டு, உள்ளே போவோம்.

இந்தப் பெட்டியைத் தொழில்நுட்பத் தொந்தரவு என்றுதான் பேசுகிறோம். எனக்கு அது ஒரு பதிப்பாசிரியரின் மேசை மாதிரித் தெரிகிறது. ஒரே நூலுக்கு இரண்டு சுவடிகள் கிடைத்து, இரண்டும் வேறுபட்டால் எது மூலத்துக்கு நெருக்கம் என்று உ.வே.சா. மாதக்கணக்கில் உட்கார்ந்து பார்ப்பார். அதே வேலையைப் பத்து விநாடியில் முடிக்கச் சொல்லி ஒரு பத்தொன்பது வயதுப் பையனிடம் கேட்கிறது இந்தப் பெட்டி.

தமிழில் கேம் பற்றி இப்போது நிறைய எழுதுகிறார்கள். கதை, கிராஃபிக்ஸ், இசை எல்லாவற்றையும் எழுதுகிறார்கள். சேவ் ஃபைலைப் பற்றி மட்டும் யாரும் எழுதுவதில்லை. ஆனால் ஒரு விளையாட்டில் நமக்கென்று மிஞ்சுவது அது ஒன்றுதான். உருவாக்கியவர்கள் எழுதியது எல்லோருக்கும் பொது. நான் எந்தக் கதவைத் திறந்தேன், யாரைக் கொன்றேன், யாரை விட்டேன், எந்த மரத்தடியில் வீடு கட்டினேன் என்பது சேவில் இருக்கிறது. பாதி அவர்கள் எழுதியது, பாதி நான் எழுதியது. இரண்டும் சேர்ந்த ஒரு பிரதி அது. பிரதி என்றால் அதற்குப் பாடபேதம் வரும், இடைச்செருகல் வரும், செல்லரிக்கும், தொலையும், சிலசமயம் தப்பிக்கும். அதைக் காப்பாற்றுவதும் வாசிப்பின் ஒரு பகுதிதான் என்பது என் கட்சி.

இதை யோசிக்க எனக்குக் கைக்கெட்டும் தூரத்தில் ஒரு பாடநூல் இருக்கிறது. திருச்சியிலிருந்து காவிரிப் பாலம் தாண்டினால் ஸ்ரீரங்கம்.

2

கோயிலொழுகு என்பது ஸ்ரீரங்கம் கோயிலின் நாளாகமம். யார் எந்த மதிலைக் கட்டினார், யாருக்கு என்ன மரியாதை, எப்போது என்ன ஆபத்து என்று பல நூற்றாண்டுகள் பல கைகள் எழுதிச் சேர்த்தது. வி.என். ஹரிராவ் 1961-இல் அதை ஆங்கிலத்தில் கொண்டுவந்தார். அதிலுள்ள ஆண்டுக் கணக்குகள் கல்வெட்டோடு எல்லா இடத்திலும் ஒத்துவராது. அதை வரலாறு என்று அப்படியே எடுக்கக்கூடாது. ஆனால் 'ஒன்றைக் காப்பாற்றுவது என்றால் என்ன' என்பதைப் பற்றிய இலக்கியம் என்று படித்தால் தமிழில் அதற்கு இணை குறைவு.

1323. உலூக் கான் படை தெற்கே வருகிறது. பின்னாளில் முகமது பின் துக்ளக் என்று அறியப்பட்டவர் அவர். அப்போது ஸ்ரீரங்கத்தார் செய்ததாக வைணவ மரபு சொல்வதை வரிசையாக வைத்துப் பாருங்கள்.

ஒன்று, மூலவர். பள்ளிகொண்ட பெரிய பெருமாளை நகர்த்த முடியாது. எனவே கர்ப்பகிரகத்தின் முன்னால் கல்லால் ஒரு திரை எழுப்பி மறைத்தார்கள்.

இரண்டு, உற்சவர். அவர் நகரக்கூடியவர். பிள்ளை லோகாசாரியர் ஒரு சிறு கூட்டத்தோடு அவரைப் பல்லக்கில் எழுந்தருளப்பண்ணிக்கொண்டு கிளம்பினார். மதுரைப் பக்கம் ஜோதிஷ்குடியில் லோகாசாரியர் காலமானார். உற்சவரின் பயணம் நிற்கவில்லை. அழகர்கோயில், கோழிக்கோடு, மேல்கோட்டை, திருமலை, செஞ்சி என்று கைமாறிக் கைமாறிப் போயிற்று.

மூன்று, உரை. ஸ்ரீபாஷ்யத்துக்கு சுதர்சன சூரி எழுதிய சுருதப்பிரகாசிகை ஓலைச்சுவடியாக இருந்தது. வேதாந்த தேசிகர் அந்தச் சுவடியையும் ஆசிரியரின் இரண்டு மகன்களையும் காப்பாற்றிக்கொண்டு, பிணங்களுக்கு நடுவே படுத்துக் கிடந்து தப்பித்தார் என்பது கதை.

மூன்றும் மூன்று வழிகள் என்பதுதான் விஷயம். எடுத்துப்போக முடியாத பெரிய பொருளை இருந்த இடத்திலேயே தொடமுடியாதபடி மூடு. தினமும் வெளியே வந்துபோகும் பொருளைத் தூரத்துக்கு அனுப்பு. எழுத்தை அதை வாசிக்கத் தெரிந்த ஆட்களோடு சேர்த்து அனுப்பு. இன்றைய பேக்கப் பாடத்தில் 3-2-1 என்று ஒரு விதி சொல்வார்கள். மூன்று பிரதி, இரண்டு வகை ஊடகம், ஒன்றாவது வெளியூரில். அந்த விதியில் இல்லாத ஒன்று தேசிகர் கதையில் இருக்கிறது. சுவடியோடு பிள்ளைகளும் போனார்கள். ஃபைல் பிழைத்து, அதைத் திறக்கத் தெரிந்தவர் பிழைக்காவிட்டால் அது வெறும் ஓலை.

ஒப்புமை ஓரிடத்தில் நிற்கவேண்டும், அதையும் சொல்லிவிடுகிறேன். 1323-இல் மனிதர்கள் செத்தார்கள். ஒரு கேம் சேவ் போனால் யாரும் சாவதில்லை. இரண்டும் ஒன்று என்று சொல்வது என் நோக்கம் இல்லை. ஆபத்து வந்த காலத்தில் இந்த ஊர் எதையெல்லாம் யோசித்தது என்பதை, ஆபத்து குறைந்த காலத்தில் நாம் யோசிக்கக்கூட மறந்துவிட்டோம் என்கிறேன்.

3

எனக்குப் பிடித்த பகுதி அதற்குப் பிறகுதான் வருகிறது. 1371. விஜயநகரத்துக் கோபண்ணர் செஞ்சியிலிருந்து உற்சவரைத் திரும்பக் கொண்டுவருகிறார். நாற்பத்தெட்டு ஆண்டுகள் ஓடிவிட்டன. இங்கே வந்து பார்த்தால் அந்த இடத்தில் இன்னொரு உற்சவர் இருக்கிறார். இடைப்பட்ட காலத்தில் பூஜை நிற்கக்கூடாது என்று வேறொரு திருமேனியைப் பிரதிஷ்டை செய்து நடத்தி வந்திருக்கிறார்கள். வந்தவர்தான் பழையவர் என்று ஊர் எப்படி நம்பும்? பார்த்த கண்கள் ஏறக்குறைய எல்லாம் மூடிவிட்டன.

அதாவது அந்தச் சின்னப் பெட்டி. உள்ளூர்ப் பிரதி ஒன்று, வெளியூரிலிருந்து வந்த பிரதி ஒன்று. எதை வைத்துக்கொள்வது?

கோயிலொழுகு சொல்லும் தீர்வு அபாரமானது. வயதான ஒரு ஈரங்கொல்லியைத் தேடிப் பிடிக்கிறார்கள். கோயில் துணி வெளுத்தவர். கண் தெரியாது. இரண்டு மூர்த்திகளுக்கும் திருமஞ்சனம் செய்யுங்கள், அந்த ஈரவாடைத் தீர்த்தத்தை எனக்குக் கொடுங்கள் என்கிறார். அந்தக் காலத்தில் சாத்திய ஆடையைத் துவைக்கும்போதெல்லாம் அந்தத் தீர்த்தத்தை உட்கொண்ட மனிதர் அவர். இரண்டையும் வாங்கிப் பார்க்கிறார். ஒன்றில் பழைய கஸ்தூரி, கற்பூர வாசம். இவரே நம்பெருமாள் என்று அவர் சொன்னதால்தான் உற்சவருக்கு அந்தப் பெயரே நிலைத்தது என்பது ஐதிகம்.

இதில் கவனிக்கவேண்டியவை மூன்று. முதலாவது, தேதி எதையும் தீர்மானிக்கவில்லை. புதியது எது, பழையது எது என்பது உதவாத கேள்வி. தினமும் தொட்டுப் புழங்கியவரின் அறிவுதான் தீர்த்துவைத்தது. இரண்டாவது, அந்த அறிவு பண்டிதரிடம் இல்லை, அதிகாரியிடம் இல்லை. அழுக்குத் துணியை வாங்கிப்போனவரிடம் இருந்தது. மூன்றாவது, தோற்ற பிரதியை யாரும் அழிக்கவில்லை. இடையில் வந்தவர் திருவரங்க மாளிகையார் என்ற பெயரோடு இன்றும் அதே கர்ப்பகிரகத்தில் இருக்கிறார். 'இரண்டையும் வைத்துக்கொள்' என்ற பட்டன் பல மென்பொருள்களில் இன்னும் வரவில்லை. ஸ்ரீரங்கத்தில் 1371-லேயே இருந்தது.

போன வருஷம் சித்தி பையன் பெங்களூரிலிருந்து போன் செய்தான்.

"அண்ணா, ரெண்டு ஃபைல் காட்டுது. எதை அமுக்கணும்?"

விஷயம் இதுதான். அவன் ஒரு பண்ணை விளையாட்டை ஆரம்பித்துவிட்டு வேலைக்குப் போய்விட்டான். ஸ்ரீரங்கத்து வீட்டில் கிடந்த பழைய லேப்டாப்பில் சித்தி அதே பண்ணையைத் தொடர்ந்திருக்கிறார். இடுப்பு எலும்பு ஆபரேஷன் முடிந்து நாலு மாசம் படுக்கையில் இருந்தபோது அதுதான் துணை. வீட்டில் நெட் சரியாக வராது, எனவே ஒன்றும் மேலே ஏறவில்லை. இவனும் அங்கே புது லேப்டாப்பில் அதே பண்ணையை ஆடியிருக்கிறான். தீபாவளிக்கு வந்து பழைய லேப்டாப்பை நெட்டில் போட்டதும் பெட்டி வந்துவிட்டது. கிளவுடில் இருப்பது அவனுடையது, தேதி புதுசு.

"ஒண்ணையும் அமுக்காதே. மூடு. முதல்ல சேவ் ஃபோல்டரை அப்படியே பென்டிரைவ்ல போடு. அப்புறம் நெட்டை ஆஃப் பண்ணிட்டுத் திற, அம்மாவைப் பக்கத்துல உக்கார வை."

போனிலேயே கேட்டது. சித்தி தேதியைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. "கோழிக்கூண்டுக்குப் பின்னாடி வேலி இருக்கா பாரு. இருக்குல்ல? பக்கத்துல பூசணி? ம், அது என்னுதுதான்டா." அவ்வளவுதான். சித்தியுடையது அந்த லேப்டாப்பிலும் கிளவுடிலும் தங்கியது. இவனுடைய பண்ணையைத் தனியே எடுத்து வைத்தோம். மாளிகையாரும் பத்திரம்.

கருவி வேண்டாம் என்று இதற்கு அர்த்தம் இல்லை. கருவிக்குத் தெரிவது கடைசியாகத் தொட்ட நேரம் மட்டும்தான். யார் தொட்டார், என்ன தொட்டார் என்பது அதற்குத் தெரியாது. இதை நாம் அடிக்கடி மறந்துபோகிறோம். கிளவுட் சிங்க் என்பது பேக்கப் இல்லை. இரண்டு இடத்தை ஒரே மாதிரி வைப்பதுதான் அதன் வேலை. இங்கே ஒரு ஃபைல் கெட்டுப்போனால் கெட்டதை ஒழுங்காக அங்கேயும் கொண்டுபோய்ச் சேர்க்கும். இங்கே அழித்தால் அங்கேயும் அழிக்கும். வேலையைச் சரியாகச் செய்யும்போதுதான் அது நம்மைக் கைவிடும். 1323-இல் உற்சவர் எங்கே போனாரோ அங்கேயெல்லாம் மூலவரும் தானாகவே போயிருந்தால் என்ன ஆகியிருக்கும்? காப்பாற்றியது தூரம் மட்டும் இல்லை. இரண்டும் ஒட்டாமல் இருந்ததும்தான்.

4

இனி மாட். விளையாட்டை ஆடுகிறவர்களே மாற்றி எழுதுவது. புது உடை, புது ஊர், புது பாத்திரம், சிலசமயம் புது முடிவு.

ஸ்ரீரங்கம் தாயார் சன்னிதிக்கு எதிரே கம்பர் மண்டபம் இருக்கிறது. கம்பன் ராமாயணத்தை அங்கே அரங்கேற்றினான் என்பது ஊர் நம்பிக்கை. இரணியன் வதைப் படலம் வந்தபோது சபையில் ஆட்சேபம் எழுந்ததாம். வால்மீகியில் இல்லாத பகுதி அது. அப்போது பக்கத்திலிருக்கும் மேட்டழகிய சிங்கர் சிரித்துத் தலையசைத்து ஆமோதித்தார் என்பார்கள். மூலத்தில் இல்லாததை ஒருவன் சேர்க்கிறான், அதைக் கதையின் நாயகனே ஏற்றுக்கொள்கிறார். மாட் பற்றி இதைவிட நல்ல கதை எனக்குத் தெரியாது.

கம்பனுக்கே பிறகு மாட் வந்தது. வெள்ளியம்பலத் தம்பிரான் புகுத்தியவை என்று மரபு சொல்லும் வெள்ளிப் பாடல்கள். சுவடிக்குச் சுவடி செய்யுள் எண்ணிக்கை மாறும். கம்பன் இப்படி மாட்டிக்கொண்டதற்கு ஒரு வடிவக் காரணம் உண்டு. திருவாய்மொழியைப் பாருங்கள். 1102 பாசுரம், முழுவதும் அந்தாதி. ஒரு பாட்டின் முடிவு அடுத்த பாட்டின் தொடக்கம். நடுவில் ஒன்று விழுந்தால் சங்கிலி அறுந்தது உடனே தெரியும். ஒன்றைச் செருகினாலும் தெரியும். போதாததற்கு ஒவ்வொரு பதிகத்தின் கடைசியிலும் பாடியவர் பெயரும், இந்தப் பத்து ஆயிரத்தில் அடங்கியது என்ற கணக்கும் வந்துவிடும். நாதமுனிகள் காட்டுமன்னார்கோயிலில் ஒரு பதிகத்தைக் கேட்டுவிட்டு, மீதி எங்கே என்று தேடிப்போனது அந்தக் கணக்கைக் கேட்டதால்தான். ஃபைல் முழுசா இருக்கா என்று பார்க்க இன்று செக்சம் என்கிறோம். அதைப் பாட்டுக்குள்ளேயே வைத்துக் கட்டியிருக்கிறார்கள். கம்பனுக்கு அந்தப் பூட்டு இல்லை. விருத்தத்தில் ஓடும் நீண்ட கதையில் நாலு அடி கூட வந்து உட்கார்ந்தால் கதவு சத்தம் போடாது.

நவீனப் பதிப்பாசிரியர்கள் இதற்கு ஒரு வழி கண்டார்கள். சந்தேகமான பாடல்களைக் கொளுத்தவில்லை. 'மிகைப் பாடல்கள்' என்று தனியே பின்னால் கொடுத்தார்கள். வேண்டுமானால் படி, ஆனால் நூலுக்குள் கலக்காதே.

ஸ்டார்டூ வேலி விளையாட்டில் மாட் செய்யும் முறை இதே பாதையில் நகர்ந்தது. 2016-இல் எரிக் பரோன் என்ற ஒற்றை ஆள் செய்து வெளியிட்ட விளையாட்டு. ஆரம்பத்தில் மாட் என்றால் எக்ஸ்என்பி ஃபைலை எடுத்து, விளையாட்டின் சொந்த ஃபைல் மேலேயே எழுதிவிடுவது. அழகாக வேலை செய்யும், அடுத்த அப்டேட் வரைக்கும். பிறகு எது மூலம், எது செருகல் என்று யாருக்கும் தெரியாது. இப்போது பெரும்பாலோர் ஸ்மாபி, கன்டென்ட் பேட்சர் வழியில் போகிறார்கள். மூல ஃபைல் அப்படியே இருக்கும். ஆடும்போது மட்டும் மாட் மேலே வந்து அமரும். வேண்டாமென்றால் எடுத்துவிடலாம். மூலவருக்குக் கல்திரை, உற்சவருக்கு அலங்காரம். 2024 மார்ச்சில் 1.6 பதிப்பு வந்தபோது ஏகப்பட்ட மாட்கள் உடைந்தன. ஆனால் மூலத்தைத் தொடாமல் வைத்திருந்தவர்கள் மாட் ஃபோல்டரை நகர்த்திவிட்டு நிம்மதியாக இருந்தார்கள்.

ஆனால் எல்லாமே இப்படிப் பிரியாது. ஸ்கைரிம் வந்த 2011-லிருந்து மாட்களால் உயிர் வாழும் விளையாட்டு. அதில் ஸ்கிரிப்ட் வைத்த மாட் ஒன்றைப் போட்டு ஐம்பது மணி நேரம் ஆடிவிட்டு, பிடிக்கவில்லை என்று எடுத்தால், மாட் போய்விடும். அது விதைத்தது சேவுக்குள்ளேயே தங்கிவிடும். உடையவன் இல்லாத ஸ்கிரிப்ட்கள் உள்ளே சுற்றிக்கொண்டிருக்கும். சில நாள் கழித்து எங்கோ சம்பந்தமில்லாத இடத்தில் விளையாட்டு விழும்.

இலக்கியத்தில் இது நமக்குப் புதிதா? நூற்றாண்டுகளாக ஒரு பாட்டைக் கம்பன் பாட்டென்று பாடி, உரை எழுதி, அதன்மேல் ரசனை வளர்த்துவிட்டு, ஒருநாள் அது மிகை என்று பின்னால் தள்ளினால், பாட்டு நகரும். அது வளர்த்த ரசனை நகராது. செருகலுக்கும் ஒரு வாழ்க்கை உண்டு என்பதை மூலம் மூலம் என்று பேசுகிறவர்கள் மறந்துவிடுகிறார்கள்.

ஆகவே சேவைக் காப்பாற்றுகிறேன் என்று சேவை மட்டும் கிளவுடில் போட்டால் பாதி வேலைதான் முடிந்தது. ஸ்டீம் மாதிரியான கடைகளின் கிளவுட், விளையாட்டைச் செய்தவர்கள் குறித்துக் கொடுத்த ஃபைல்களை மட்டுமே ஏற்றும். நீங்களாக ஃபோல்டரில் கொண்டுபோய்ப் போட்ட மாட்கள் பொதுவாக அதில் சேராது. எந்த மாட், எந்தப் பதிப்பு, எந்த வரிசை என்ற பட்டியல் இல்லாத சேவ், உரை தொலைந்த சூத்திரம் மாதிரி. சுவடி பிழைத்தது, பிள்ளைகள் பிழைக்கவில்லை.

5

சேவ் ஃபைலைக் கருப்பொருளாகவே எடுத்துக்கொண்ட சில விளையாட்டுகளை இந்த வெளிச்சத்தில் பார்க்கலாம்.

டோபி ஃபாக்ஸின் அண்டர்டேல், 2015. ஒருவரைக் கொன்றுவிட்டு, மனசு கேட்காமல், பழைய சேவுக்குத் திரும்பிவந்து காப்பாற்றினால், 'நீ என்ன செய்தாய் என்று எனக்குத் தெரியும்' என்ற தொனியில் ஒரு பூ பேசும். எல்லோரையும் கொல்லும் பாதையை முடித்தவர் பிறகு எத்தனை நல்லவராக ஆடினாலும் கடைசிக் காட்சியில் ஒரு கறை ஒட்டியிருக்கும். நாம் அழித்ததாக நினைத்ததை அது வேறிடத்தில் குறித்து வைத்திருக்கிறது. மறதிக்கு இடம் கொடுக்காத பேக்கப் எவ்வளவு கொடுமையானது என்பதை அந்த விளையாட்டு எப்போதோ கண்டுபிடித்துவிட்டது.

யோகோ டாரோவின் நியர்: ஆட்டோமேட்டா, 2017. ஐந்தாவது முடிவில் எழுத்துகள் ஓடும் திரையோடு சண்டை போடவேண்டும். தனியாக ஜெயிப்பது மிகக் கடினம். முகம் தெரியாத வேறு ஆட்கள் துணைக்கு வருவார்கள். ஜெயித்தபின் கேட்கும்: உன்னைப்போல் திணறும் யாரோ ஒருவருக்கு உதவ உன் சேவ் முழுவதையும் கொடுக்கிறாயா? சம்மதித்தால் கண் முன்னால் எல்லாம் அழியும். உனக்கு உதவியவர்களும் தங்களுடையதைக் கொடுத்தவர்கள்தான் என்பது அப்போது உறைக்கும்.

இங்கே ஒரு சங்கடமான கேள்வி. ஒருவர் முதல்நாளே அந்த ஃபோல்டரை வேறிடத்தில் பிரதி எடுத்து வைத்துவிட்டு, 'கொடுக்கிறேன்' என்று அழுத்தினால்? விளையாட்டுக்குத் தெரியாது. அழியும், அடுத்த நிமிஷம் திரும்ப வந்துவிடும். பேக்கப் வந்தபின் தியாகம் என்ற முடிவே செத்துவிட்டதா?

நான் அப்படி நினைக்கவில்லை. அந்த முடிவின் பலம் ஃபைல் அழிவதில் இல்லை, கேட்கப்படுவதில் இருக்கிறது. பிரதி வைத்துக்கொண்டு கொடுத்தவருக்குத் தான் கொடுக்கவில்லை என்று தெரியும். அந்த அறிவோடு அவர் அந்தக் காட்சியைப் பார்க்கவேண்டும். நிறைய நூல்கள் வாசகனின் நேர்மையை நம்பித்தான் எழுதப்படுகின்றன. இதுவும் அப்படித்தான். எல்லாவற்றையும் பத்திரப்படுத்துவது எப்போதும் சரியா என்று கேட்கவைப்பதும் இந்த விளையாட்டு ஒன்றுதான். பேக்கப் பற்றிப் பேசும் கட்டுரையில் அதற்கு ஓரிடம் வேண்டும். சில விஷயங்களைப் பிரதி எடுக்காமல் விடுவதும் ஒரு முடிவு.

மூன்றாவது நம்முடையது. வெண்பா, 2023 ஜூலை. டொரன்டோவின் விசை கேம்ஸ். 2024-இல் பாஃப்டாவின் அறிமுக விளையாட்டு விருதும், ஐஜிஎஃப் பெரும்பரிசும் வாங்கியது. 1980-களில் கனடா போன தமிழ்க் குடும்பம். வெண்பாவிடம் அம்மா கொடுத்த சமையல் குறிப்பேடு இருக்கிறது. பக்கங்கள் கிழிந்து, மை கலைந்து, பாதிக் குறிப்புகள் இல்லை. இட்லித் தட்டை எந்த வரிசையில் அடுக்கினால் ஆவி மேலே போகும் என்பதை நாம் யோசித்துக் கண்டுபிடிக்கவேண்டும். அதுதான் விளையாட்டு. ஒரு கெட்டுப்போன சேவை மீட்கும் வேலையைச் சமையலறையில் வைத்து ஒன்றரை மணி நேரத்தில் சொல்லிவிட்டார்கள். மகன் கவின் பின்னால் அதே ஏட்டைத் திறக்கும்போது அவனால் தமிழைச் சரளமாக வாசிக்க முடிவதில்லை. ஃபைல் இருக்கிறது, ஃபார்மேட் தெரியவில்லை. அந்த இடம் என்னை உலுக்கியது.

ஆனால் எனக்கு ஒரு குறை உண்டு. வெண்பாவில் தப்பாகச் செய்தால் மறுபடி செய்யவேண்டியதுதான். சரியான விடை ஒன்றே ஒன்று. அம்மாவின் இட்லி அம்மாவின் இட்லியாகவே மீளும். நிஜக் குடும்பங்களில் அப்படி நடப்பதில்லை. புழுங்கலரிசி கிடைக்காத ஊரில் கையில் கிடைத்த அரிசியைப் போட்டு, தேங்காய் கிடைக்காத மாசத்தில் பாக்கெட் தூளைப் போட்டு, அந்தத் தப்பே பத்து வருஷத்தில் வீட்டு ருசி ஆகிவிடும். அப்போது பாட்டியின் ஏடு கிடைத்தால் எது நம் சமையல்? அந்தச் சின்னப் பெட்டி வரவேண்டிய இடம் அது. வெண்பா அங்கே வரைக்கும் போகவில்லை. மூலத்தை மீட்டுக் கொடுத்துவிட்டு நிறுத்திக்கொள்கிறது. திருவரங்க மாளிகையாருக்கு அந்த வீட்டில் இடமில்லை. அழகான விளையாட்டு, ஆனால் புலம்பெயர்தலின் ருசியைவிட ஊரின் ருசியைத்தான் அதிகம் நம்புகிறது.

6

இவ்வளவு பேசிவிட்டு என்ன செய்யவேண்டும் என்று சொல்லாமல் போனால் நியாயமில்லை. எல்லாம் மேலே சொன்னதிலிருந்து வருவதுதான்.

கிளவுட் சிங்க் ஓடட்டும், அது உற்சவர். ஆனால் அதோடு ஒட்டாத ஒரு பிரதி வேண்டும். பென்டிரைவிலோ, வேறு கணக்கிலோ, தேதியைப் பெயரில் எழுதி, பழையதன் மேல் எழுதாமல். பெரிய அப்டேட் வருமுன், புது மாட் போடுமுன், மாட் எடுக்குமுன் ஒரு பிரதி. சேவ் எங்கே இருக்கிறது என்று ஒருமுறையாவது போய்ப் பாருங்கள். ஸ்கைரிமின் சேவ் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் இருக்கும். விண்டோஸில் அந்த ஃபோல்டரை ஒன்டிரைவ் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டிருக்கவும் கூடும். அப்படியானால் உங்களுக்குத் தெரியாமலே இரண்டு பூசாரிகள் ஒரு சன்னிதியில் நிற்கிறார்கள். ஸ்டார்டூ வேலியின் சேவ் வெறும் எக்ஸ்எம்எல், நோட்பேடில் திறந்து படிக்கலாம். முந்தின நாள் பிரதியை 'ஓல்ட்' என்ற பெயரில் பக்கத்திலேயே அதுவாகவே வைத்திருக்கும். கோழியின் பெயர், பயிரின் வயது எல்லாம் வரிவரியாக இருக்கும். ஒருநாள் திறந்து பாருங்கள். நீங்கள் எழுதிய நூல் அது.

மாட் பட்டியலைச் சேவோடு சேர்த்து வையுங்கள். முடிந்தால் மாட் ஃபைலையும். 2021-இல் நெக்ஸஸ் மாட்ஸ் தளம், ஏற்றிய மாட்களை இனி முழுமையாக அழிக்க முடியாது, ஆவணமாகத் தங்கும் என்று அறிவித்தபோது பல மாட் ஆசிரியர்கள் கோபத்தோடு தங்கள் படைப்புகளை எடுத்துக்கொண்டு போனார்கள். எழுதியவருக்கு அழிக்கும் உரிமை உண்டா, வாசகருக்கு வைத்திருக்கும் உரிமை உண்டா என்பது தீராத வழக்கு. நான் எழுதியவர் பக்கம். ஆனால் என் சேவ் அவருடைய மாட்டின் மேல் நிற்கும்போது என் வீட்டில் ஒரு பிரதி வைத்துக்கொள்வதை அவரும் தப்பாக நினைக்கமாட்டார் என்றே நம்புகிறேன்.

கடைசியாக, எடுத்து வைத்தது வேலை செய்கிறதா என்று திறந்து பார்ப்பது. பலரும் விடுவது இதைத்தான். பேக்கப் எடுத்தவர் பலர், ரீஸ்டோர் செய்து பார்த்தவர் சிலர். ஸ்ரீரங்கத்தில் வைகுண்ட ஏகாதசியிலிருந்து இராப்பத்து. ஆயிரங்கால் மண்டபத்தில் நாளுக்கு ஒரு பத்து என்று பத்து நாளில் திருவாய்மொழி முழுவதும் சேவிக்கப்படும். அதற்குப் பக்திக் காரணம் இருக்கிறது, நான் மறுக்கவில்லை. ஆனால் ஒரு பிரதியை வருஷத்துக்கு ஒருமுறை முதலிலிருந்து கடைசிவரை வாய்விட்டு ஓட்டிப் பார்க்கும் ஏற்பாடும் அதுதான். எங்காவது ஒரு சொல் நழுவினால் பக்கத்தில் நிற்பவருக்குத் தெரிந்துவிடும்.

என் தலைமுறைக்கு எழுத்தும் படமும் நினைவும் பெரும்பாலும் நமக்குச் சொந்தமில்லாத சர்வர்களில் இருக்கிறது. கேம் சேவ் அதில் ரொம்பச் சின்னது, தொலைந்தால் சிரித்துக்கொண்டே சொல்லிவிடலாம். அதனாலேயே பழகிக்கொள்ள நல்லது. இரண்டு ஃபைல் வந்து நிற்கும்போது தேதியைப் பார்க்காமல் உள்ளே போய்ப் பார்க்கவும், தோற்றதைத் தூக்கிப் போடாமல் இருக்கவும், வேலி எங்கே இருந்தது என்று தெரிந்த ஆளைக் கூப்பிட்டுக் கேட்கவும் இதில் கற்றுக்கொள்ளலாம். நாளைக்கு நம்மிடம் வந்து நிற்கப்போவது ஒரு பண்ணை மட்டுமாக இருக்காது.